விபூதி எடுக்கப் போன பாலு

அக்டோபர் 8, புதன்

இன்று நூலகத்துக்கு வந்தவர்கள் பதினொரு பேர். ஒன்பது பேர் போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்கள். ஒருவர் மணமகள் தேவை விளம்பரங்களைப் படிக்கிறவர். அவருக்குத் திருமணமாகி இரண்டு பேரன்கள் இருக்கிறார்கள். ஒருவர் மழைக்கு ஒதுங்கியவர். அவர் உட்கார்ந்த இடத்திலும் ஒழுகியதால் மழைக்கே திரும்பிப் போனார்.

வரலாற்றுப் பிரிவுக்கு மேல் கூரையில் விரிசல். சோழர்களைச் சமையல் குறிப்புகளுக்குப் பக்கத்தில் மாற்றிவிட்டேன். கூரையைப் பற்றி மேலிடத்துக்கு ஆறாவது கடிதம் எழுதினேன். ஐந்தாவதன் நகல்தான். தேதியை மட்டும் திருத்தினேன்.

மாலையில் சென்னையிலிருந்து ஒரு பெண் அழைத்தார். பெயர் மிருதுளா. ஒரு தொலைக்காட்சியின் நிகழ்ச்சிக் குழுவில் இருக்கிறாராம். குழந்தைகள் தினத்துக்காகப் பழைய தொடர்களின் குழந்தை நட்சத்திரங்களை வைத்து ஒரு நிகழ்ச்சி. ‘மாவிலைத் தோரணம்’ தொடரில் பாலுவாக நடித்த மாஸ்டர் ஞானி நான்தானா என்று கேட்டார். நடிப்பை விட்டு இருபத்தாறு வருடமாகிறது, அதில் எனக்கு இப்போது ஆர்வம் இல்லை, நிகழ்ச்சிக்கு வர இயலாது என்று சுருக்கமாகச் சொன்னேன். என் எண் அவர்களுக்கு எப்படிக் கிடைத்தது என்று தெரியவில்லை.

அக்டோபர் 9, வியாழன்

மிருதுளா மறுபடி அழைத்தார். நேற்று நான் பாதியிலேயே பேசத் தொடங்கிவிட்டேனாம். அவர் என்னை நிகழ்ச்சிக்கு அழைக்கவில்லை. எனக்குப் பின் பாலுவாக நடித்த மாஸ்டர் நிதினின் எண் என்னிடம் இருக்குமா என்று கேட்கத்தான் அழைத்தாராம்.

இல்லை என்றேன். என் எண் எப்படிக் கிடைத்தது என்று கேட்டேன்.

“நீங்கதானே சார் யூட்யூப் கமெண்ட்ல நம்பர் போட்டிருந்தீங்க? பதினாலு எபிசோட் கீழ போட்டிருக்கீங்க.”

போட்டிருக்கலாம். தொடரை இப்போது யூட்யூபில் ஏற்றுகிறார்கள். எல்லா எபிசோடிலும் ‘பாலு: மாஸ்டர் நிதின்’ என்றே இருக்கிறது. முதல் 143 எபிசோடுகளில் நடித்தவர் மாஸ்டர் ஞானி. 144 முதல்தான் நிதின். தகவல் பிழையைக் கண்டால் திருத்துவது நூலகரின் கடமை. கூடுதல் விவரம் வேண்டுவோருக்கு வசதியாக இருக்கட்டும் என்று எண்ணையும் குறிப்பிட்டிருந்தேன்.

அக்டோபர் 14, செவ்வாய்

நூலகத்தைப் பெருக்கித் துடைக்கும் நவநீதம் அம்மா மதிய இடைவேளையில் போனில் ‘மாவிலைத் தோரணம்’ பார்க்கிறார். சுவரில் சாய்ந்து, காலை நீட்டி, மாதவிடாய் நின்ற பெண்களுக்கான உணவு பற்றிய புத்தகத்தைப் போனுக்கு முட்டுக் கொடுத்து. அந்த வகையில் அந்தப் புத்தகம் ஒருவருக்காவது பயன்படுகிறது.

அந்தத் தொடரில் நான் இருந்தது அவருக்குத் தெரியாது. இந்த ஊரில் யாருக்கும் தெரியாது. காட்பாடிக்கு இந்தப் பக்கம் என்னை யாரும் மாஸ்டர் என்று அழைத்ததில்லை. ஆறு வயதில் ஞானி, முப்பத்துமூன்றில் ஞானமுருகன், கிளை நூலகர். வளர்ச்சி என்றால் பெயர் நீளுவதுதான் என்று நினைக்கிறேன்.

எப்படி இருக்கிறது தொடர் என்று விசாரித்தேன்.

“கத நல்லாதான் கீது சார். மொதல்ல ஒரு பையன் வரான் பாரு, அவன்தான் சரியில்ல. முழிச்சிக்கினே இருப்பான். அந்தம்மா மூஞ்சியவே பாத்துக்கினு நிப்பான், டயலாக்க சொல்ல மாட்டான். அப்பறம் ஒருத்தன மாத்தினாங்க. அவன் தத்ரூபம்.”

நடிப்புக் கலை பற்றி நூலகத்தில் நான்கு புத்தகங்கள் உள்ளன. எதிலும் இவ்வளவு தெளிவான விமர்சனம் இல்லை.

அக்டோபர் 17, வெள்ளி

வார விடுமுறை. துணி துவைத்தேன். காயவில்லை.

அக்டோபர் 20, திங்கள். தீபாவளி

மெஸ் இரண்டு நாள் மூடல். மெஸ்காரர் முந்தாநாளே ஒரு பொட்டலத்தில் நான்கு ஜாங்கிரி கொடுத்து, வீட்டில் எல்லாரும் சாப்பிடுங்க என்றார். எல்லாரும் சாப்பிட்டேன்.

144-வது எபிசோடை இரண்டு வாரம் முன்பே ஏற்றிவிட்டார்கள். பிழை இருக்கிறதா என்று சரிபார்க்க இன்று பார்த்தேன்.

காட்சி இதுதான். பாலுவின் அம்மா காய்ச்சலில் படுத்திருக்கிறாள். அம்மாவாக நடித்தவர் கிரிஜாவதி. “அம்மா, இரு, விபூதி எடுத்துட்டு வரேன்” என்று பாலு பூஜை அறைக்குள் ஓடுகிறான். ஓடுவது நான். கதவு சாத்துகிறது. உள்ளே மணி அடிக்கிறது. கதவு திறக்கிறது. கையில் விபூதித் தட்டோடு நிதின் வெளியே வருகிறான். படம் அப்படியே உறைந்து நிற்க, ஒரு கம்பீரமான குரல் சொல்கிறது: “பாலுவாக, இனி மாஸ்டர் நிதின்.” பிறகு படம் நகர்கிறது. நிதின் அம்மாவின் நெற்றியில் விபூதி பூசுகிறான். அவள் அவனைக் கட்டிக்கொண்டு, என் கண்ணே என்கிறாள். ஒன்றரை நிமிடத்துக்கு முன் பெற்ற பிள்ளையைப் பற்றி ஒரு சந்தேகமும் அவளுக்கு வரவில்லை. காய்ச்சல் வேகம் என்று வைத்துக்கொள்ளலாம்.

கணக்குப்படி நான் விபூதி எடுக்கப் போனது 1999 ஜூனில். இன்னும் வெளியே வரவில்லை.

அக்டோபர் 22, புதன்

கனமழை. வாளி இரண்டு போதவில்லை. சட்டப் பிரிவும் நனைந்தது. இந்தியத் தண்டனைச் சட்டம் ஏற்கெனவே செல்லாமல் போய்விட்டதால் பாதிப்பு குறைவு.

அக்டோபர் 25, சனி

144-வது எபிசோடைப் பற்றி நினைத்துக்கொண்டிருக்கவில்லை. ஆனால் ஒரு பதிவு வேண்டும் என்பதற்காக இதை எழுதி வைக்கிறேன்.

என்னை மாற்றியதற்குக் காரணம் நடிப்பு அல்ல. நவநீதம் அம்மா அப்படி நினைத்தால் அது அவர் கருத்து. காரணம் பல். ஏழாவது வயதில் மேல்வரிசை முன்பல் ஆடத் தொடங்கியது. கதையில் அப்போது ஒரு செவ்வாய்க்கிழமை. அந்த ஒரு செவ்வாய்க்கிழமையை மூன்று வாரமாக எடுத்துக்கொண்டிருந்தார்கள். காலையில் பல்லோடு இருந்த பையன் அன்று மதியமே பல்லில்லாமல் இருந்தால் என்ன விளக்கம் சொல்வது என்று டைரக்டர் தலையைப் பிடித்துக்கொண்டார். பல்லை நாக்கால் தொடக் கூடாது என்று எனக்கு உத்தரவு. நான் கட்டுப்பட்டேன். பல் கட்டுப்படவில்லை. ஒரு நாள் மதியம் இட்லி தின்னும்போது வந்துவிட்டது.

கிரிஜாம்மாவிடம் கொண்டுபோய்க் காட்டினேன். விழுந்த பல்லைக் கூரை மேல் போட வேண்டும், அப்போதுதான் புதுப் பல் முளைக்கும் என்றார். நான் உடனே செட்டு வீட்டு நடுவில் நின்று, கண்ணை மூடி, பலம் கொண்ட மட்டும் மேலே வீசினேன். செட்டு வீட்டுக்குக் கூரை கிடையாது, மேலே விளக்குகள்தான். பல் எதிலோ பட்டுத் திரும்பி லைட்மேன் தலையில் விழுந்தது. மொத்த யூனிட்டும் சிரித்தது. எட்டு மாதமாக அது என் வீடு. அதற்குக் கூரை இல்லை என்பதை அன்றுதான் கவனித்தேன்.

கிரிஜாம்மா சிரிக்கவில்லை. கீழே தேடி எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டார். “எங்க வீட்டுக்குக் கூரை இருக்கு. நான் போட்டுடறேன்” என்றார்.

அடுத்த நாள் பக்கத்துப் பல்லும் போயிற்று. டைரக்டர் என் தாடையைப் பிடித்து, மாட்டுச் சந்தையில் பார்ப்பதுபோல் பார்த்துவிட்டு, முளைக்க எத்தனை நாளாகும் என்று அப்பாவைக் கேட்டார். இரண்டு மாதம் என்றார் அப்பா. இரண்டு மாதத்தில் கதையில் செவ்வாய் முடிந்து புதன் பிறந்துவிடும் என்று டைரக்டர் வருத்தமாகச் சொன்னார்.

அப்பா என்னிடம், ஷூட்டிங்குக்கு லீவு விட்டிருக்கிறார்கள் என்றார். நான் நம்பினேன். இரண்டு வாரம் கழித்துப் பக்கத்து வீட்டில் உட்கார்ந்து தொடரைப் பார்த்தோம். எங்கள் வீட்டில் டி.வி. இல்லை. நான் பூஜை அறைக்குள் ஓடினேன். நிதின் வெளியே வந்தான். அறையில் இருந்த எல்லாரும் டி.வி.யை விட்டுவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு நடிகனுக்குக் கிடைக்கக்கூடிய முழுக் கவனம் எனக்கு அன்றைக்குத்தான் கிடைத்தது. அப்பா எழுந்து போய்விட்டார். நான் முழுவதும் பார்த்தேன். என்னைக் காணோம் என்று கிரிஜாம்மா தேடுகிறாரா என்று பார்க்க வேண்டியிருந்தது.

என் அம்மா எனக்கு மூன்று வயதாக இருக்கும்போதே காலமானார். இதற்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை. தகவலுக்காக எழுதுகிறேன்.

அக்டோபர் 28, செவ்வாய்

மிருதுளா அழைத்தார். நிதின் அயர்லாந்தில் மருந்துக் கம்பெனி ஒன்றில் இருக்கிறாராம். கண்டுபிடித்துவிட்டார்கள். மிகவும் சந்தோஷப்பட்டாராம், ஆனால் லீவு கிடைக்கவில்லை.

“அதான் சார்... அவருக்குப் பதில் நீங்க வர முடியுமா?”

இந்த வாக்கியத்தை அவர் எந்த உள்நோக்கமும் இல்லாமல் சொன்னார். அவர் பிறந்தது 2001-ஆம் ஆண்டாம்.

யோசித்துச் சொல்கிறேன் என்றேன். வேறு யார் யார் வருகிறார்கள் என்று பொதுவாகக் கேட்டேன். கிரிஜாவதி மேடம் வருகிறார், மூட்டு வலி, ஆனாலும் ஒப்புக்கொண்டார் என்றார். அவர் போனை வைத்துவிடப் போகிறார் என்று தோன்றியதால், யோசித்துவிட்டேன், வருகிறேன் என்றேன்.

பதிவு நவம்பர் 7, வெள்ளிக்கிழமை, சென்னையில். வெள்ளி எப்படியும் நூலக விடுமுறை. தவிர, கூரைக் கடிதத்தை மேலிடத்தில் நேரில் கொடுக்கலாம் என்று ரொம்ப நாளாக எண்ணம்.

நவம்பர் 1, சனி

சட்டை ஒன்று வாங்கினேன். இளநீலம். நூலகத்துக்கும் ஆகும்.

நவம்பர் 4, செவ்வாய்

மிருதுளா நிபந்தனைகளை விளக்கினார். மேடையில் நான் பாலு. அவ்வளவுதான். முதல் பாலு, இரண்டாம் பாலு என்றெல்லாம் பேச வேண்டாம். “ஆடியன்ஸ் கன்ஃப்யூஸ் ஆயிடுவாங்க சார். பாலுன்னா அவங்களுக்கு ஒரே பாலு.” திரையில் ஓடும் காட்சிகள் எல்லாம் நிதினுடையவை. அவற்றைப் பார்த்துப் பழைய நினைவு வந்ததுபோல் கொஞ்சம் நெகிழ வேண்டும். பிறகு அந்த விபூதிக் காட்சியை மறுபடி நடிக்க வேண்டும். பூஜை அறைக் கதவு மட்டும் செட்டுப் போடுகிறார்கள். நான் கதவைத் திறந்துகொண்டு விபூதித் தட்டோடு வர வேண்டும்.

“உள்ள போற ஷாட் உண்டா?” என்று கேட்டேன்.

“இல்ல சார். வெளிய வரது மட்டும்தான்.”

கிரிஜாவதி மேடத்திடம் விஷயத்தைச் சொல்லியிருக்கிறார்களா, வருவது யார் என்று அவருக்குத் தெரியுமா என்று கேட்டேன். பாலு வருகிறார் என்று சொல்லியிருக்கிறோம் என்றார்.

அதைத்தான் நான் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. அந்தக் கதவிலிருந்து யார் வரப்போவதாக எதிர்பார்த்துக் கிரிஜாம்மா உட்கார்ந்திருப்பார் என்பது. ஐந்நூற்றுச் சொச்சம் எபிசோடு அவரோடு நடித்தவன் நிதின். நான் நூற்று நாற்பத்து மூன்று. எண்ணிக்கை அவன் பக்கம்.

நவம்பர் 6, வியாழன்

கண்ணாடி முன் சிரித்துப் பார்த்தேன். பழக்கம் விட்டுப்போயிருக்கிறது. பற்களில் பழுதில்லை. ஞானப்பல் இரண்டை மட்டும் போன வருடம் பிடுங்கிவிட்டார்கள்.

நவம்பர் 7, வெள்ளி

காலை ரயிலில் சென்னை. மேலிடத்துக்குப் போக நேரமில்லை. கடிதம் பையில் அப்படியே இருக்கிறது.

ஸ்டுடியோ வாசலில் பெயர்ப் பட்டியல் வைத்திருந்த பையன் ‘ஞானமுருகன்’ இல்லை என்றான். ‘ஞானி’யும் இல்லை. ‘நிதின்’ இருக்கிறதா என்றேன். இருந்தது. உள்ளே விட்டான்.

மேக்கப் போட்டவர் என் முகத்தை எடைபோட்டுவிட்டு, குழந்தையில் இருந்த சாயல் அப்படியே இருக்கிறது சார் என்றார். நிதினின் படம் ஒன்று அவர் முன்னால் ஒட்டியிருந்தது.

கிரிஜாம்மாவை நேரே மேடைக்குக் கொண்டுவந்துவிட்டதால் முன்பே பார்க்க முடியவில்லை. என்னைப் பூஜை அறைக் கதவுக்குப் பின்னால் நிறுத்தினார்கள். பிளைவுட் கதவு, ஆறடி உயரம். அதற்குப் பின்னால் அறை எதுவும் இல்லை. கேபிள்களும், காலி தண்ணீர் பாட்டில்களும், ஒரு சாய்ந்த தென்னை மரமும். அது வேறு நிகழ்ச்சியுடையது. கையில் விபூதித் தட்டு. முன்பக்கம் காட்சிகள் ஓடுவது கேட்டது. நிதின் அழுதான். நிதின் சிரித்தான். கூட்டம் கைதட்டியது. தொகுப்பாளர் கிரிஜாம்மாவிடம், உங்கள் பாலுவைப் பார்த்து எத்தனை வருடமாகிறது என்று கேட்டார். அவர் ஏதோ சொன்னார், கேட்கவில்லை. அண்ணாந்து பார்த்தேன். மேலே விளக்குகள்.

மணி அடித்தது. கதவைத் திறந்தேன். இழுக்க வேண்டிய கதவைத் தள்ளியதால் இரண்டாவது டேக்.

அவர் ஒரு கட்டிலில் சாய்ந்திருந்தார். தலை முழுக்க வெளுத்திருந்தது. மூக்குத்தி அதேதான். என்னைப் பார்த்ததும் கூட்டத்துக்குக் கேட்கும்படி, “வாடா பாலு, என் கண்ணே” என்றார். ஸ்கிரிப்டில் உள்ளது. சரியாகச் சொன்னார். நிதினுக்குச் சொன்ன அதே இழுப்பு. நான் குனிந்து விபூதியைத் தொட்டேன். நான் சொல்ல வேண்டியது, “அம்மா, உனக்கு ஒண்ணும் ஆகாது.” ஐந்து சொல்கூட இல்லை. நான் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டேன். டயலாக்கைச் சொல்லவில்லை. நவநீதம் அம்மா சொன்னது நியாயம்.

விபூதி வைக்கும்போது அவர் என் கன்னத்தைப் பிடித்து முகத்தை அருகே இழுத்தார். அனுபவமுள்ளவர்கள் உதடு அசையாமல் பேசுவார்கள்.

“பல்லு முளைச்சுடுச்சாடா ஞானி?”

நான் காட்டினேன்.

அந்தச் சிரிப்பு ரொம்ப இயல்பாக இருக்கிறது, அப்படியே வைத்துக்கொள்ளலாம், டயலாக் வேண்டாம் என்று டைரக்டர் ஒலிபெருக்கியில் சொன்னார்.

முடிந்ததும் அவரைக் காருக்கு அழைத்துப் போனார்கள். முட்டி வலியால் மெதுவாக நடந்தார். அதனால் எனக்கு ஐந்து நிமிடம் கிடைத்தது. கதவு திறந்தபோதே தெரிந்துவிட்டதா என்று கேட்டேன்.

“முதல் டேக்ல கதவத் தள்ளினியே, அப்பவே. அந்தக் காலத்துல உள்ள போறப்பவும் நீ இழுக்கற கதவத் தள்ளுவ. அந்தப் பையன் ஒரு தடவகூடத் தப்பு பண்ணினது இல்ல.” கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டார். “உன் பல்ல எங்க வீட்டு ஓட்டு மேல போட்டேன். ரெண்டு தடவ வழுக்கி வந்துடுச்சு. மூணாவது தடவதான் நின்னுது. உங்கப்பாகிட்டச் சொல்லி அனுப்பினேனே, சொல்லலையா?”

சொன்னார் என்றேன். அப்பா இறந்து ஒன்பது வருடம் ஆகிறது. இனி அவர்மேல் எதற்குப் பழி.

வீடு எங்கே என்று கேட்டேன். சாலிகிராமத்தில் இருந்தது, வாடகை வீடு, இடித்து அடுக்குமாடி கட்டிவிட்டார்கள் என்றார். இப்போது மகளோடு பெங்களூரில். கார் கிளம்பும்போது கண்ணாடியை இறக்கி, “சாப்பிட்டியா?” என்று கேட்டார். பதில் சொல்வதற்குள் கார் போய்விட்டது. சாப்பிடவில்லை.

சாலிகிராமத்தில் எனக்கும் கொஞ்ச நாள் ஒரு கூரை இருந்திருக்கிறது.

நவம்பர் 8, சனி

இரண்டாம் சனி, விடுமுறை. நாள் முழுக்கத் தூங்கினேன்.

நவம்பர் 14, வெள்ளி

மதியம் மெஸ்ஸில் சாப்பிடும்போது நிகழ்ச்சி ஓடியது. கூட்டம். நான் தூணுக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்தேன். திரையில் என் முகத்துக்குக் கீழே ‘மாஸ்டர் நிதின் (பாலு)’ என்று போட்டார்கள். கிரிஜாம்மா என் கன்னத்தைப் பிடித்த இடத்தில் வயலின் சேர்த்துவிட்டார்கள், பலமாக. அவர் உதடு அசையவே இல்லை. என்ன நடந்தது என்று பார்ப்பவர்களுக்குத் தெரிய வாய்ப்பில்லை. ஒரு ஆள் காரணம் எதுவும் இல்லாமல் எல்லாப் பல்லும் தெரியச் சிரிக்கிறான்.

மெஸ்காரர் ஓரக்கண்ணால் பார்த்துவிட்டு, ரசம் ஊற்றிக்கொண்டே, ஓவர் ஆக்டிங் என்றார்.

மாலைக்குள் யூட்யூபிலும் ஏற்றிவிட்டார்கள். பெயர்ப் பிழை அங்கேயும் இருக்கிறது. எழுபதாயிரம் பேர் பார்த்திருக்கிறார்கள். கமெண்ட் எதுவும் போடவில்லை.

நவம்பர் 15, சனி

வந்தவர்கள் ஆறு பேர். மழை.

நவநீதம் அம்மா நிகழ்ச்சியைப் பார்த்திருக்கிறார். வந்ததும் துடைப்பத்தைக்கூட எடுக்காமல் அதைப் பற்றித்தான் பேசினார்.

“அந்த நிதின் பையன் பெரிசாகி ஆளே மாறிட்டான் சார். மூஞ்சியே வேற. ஒரு சைடுல பாத்தா உங்க சாட கூடக் கீது. ஆனா உங்கள மாதிரி உம்முனு இல்ல, நல்லா பல்லு தெரியச் சிரிக்கிறான்.”

அப்படியா என்றேன். திருத்தலாம் என்று ஒரு கணம் தோன்றியது. பிழையைக் கண்டால் திருத்துவது வழக்கம்தான்.

சட்டப் பிரிவில் வாளி நிரம்பும் சத்தம் கேட்டது. அவர் அதைப் பார்க்கப் போகிற போக்கில், இத்தனை பேர் வந்தார்களே, அந்த முதல் பையன் என்ன ஆனான் என்று ஒருத்தராவது கேட்டார்களா பாருங்கள், பாவம் என்றார்.

“ஒருத்தங்க கேட்டாங்க” என்றேன்.

காதில் விழவில்லை. வாளியைத் தூக்கிக்கொண்டு வெளியே போயிருந்தார்.